தண்ணீர் ஊற்றியும் மண் நனையவில்லையா? அறிகுறியைப் பார்த்துச் சரிசெய்யும் வழி

காய்ந்து கிடக்கும் மண்தான் தண்ணீரை வேகமாகக் குடிக்கும் என்று தோன்றும். பல சமயம் நடப்பது நேர்மாறு. லேசாக ஈரம் இருக்கும் மண் ஊற்றியதை உடனே வாங்கிக்கொள்கிறது. முழுக்கக் காய்ந்துபோன மண் தள்ளிவிடுகிறது. செடி வாடுகிறதே என்று இன்னும் இரண்டு குவளை ஊற்றுகிறோம். தொட்டிக்கு அடியில் தண்ணீர் ஓடுகிறது, செடி வாடியபடியே நிற்கிறது. அளவைக் கூட்டி இதைச் சரிசெய்ய முடியாது. ஊற்றிய தண்ணீர் எந்த வழியாகப் போனது என்று முதலில் பார்க்க வேண்டும். மேலேயே நின்றதா, ஓரமாக வழிந்ததா, சரிவில் ஓடியதா, உள்ளே போயும் வேரைத் தொடவில்லையா? ஒவ்வொன்றுக்கும் வைத்தியம் வேறு.

உங்கள் அறிகுறிக்கு நேராகப் போய்விடலாம். ஆனால் அதற்கு முன் இந்தச் சோதனையை மட்டும் செய்துவிடுங்கள்.

முதலில் ஒரு சொட்டுச் சோதனை

சருகையும் மூடாக்கையும் (ஈரம் காக்க மண்மேல் பரப்பும் வைக்கோல், இலை போன்றவை) ஒதுக்கிவிட்டு, காய்ந்த மண்ணைக் கையால் சமப்படுத்தி, அதன்மேல் ஒரு சொட்டுத் தண்ணீர் விடுங்கள். 5 நொடிக்குள் உள்ளே போய்விட்டால் மண் தண்ணீரை விலக்கவில்லை. கோளாறு வேறெங்கோ இருக்கிறது. 5 முதல் 60 நொடி வரை எடுத்தால் லேசான விலக்கம். ஒரு நிமிடத்துக்கு மேல் முத்து மாதிரி நின்றால் நல்ல விலக்கம். 10 நிமிடம் தாண்டினால் மிகக் கடுமை. மண் ஆய்வாளர்களும் இதே சோதனையைத்தான் செய்கிறார்கள். கடிகாரம் இருந்தால் போதும்.

மேல்மண்ணில் மட்டும் பார்த்து நிறுத்திவிட வேண்டாம். 2, 5, 10 செ.மீ. ஆழத்திலும் தோண்டி ஒவ்வொரு சொட்டு விடுங்கள். மேலே நன்றாக உறிஞ்சி, கீழே ஓர் அடுக்கு மட்டும் விலக்குவது உண்டு. சருகோ கட்டையோ எரித்த இடத்தில் இது அடிக்கடி நடக்கும். சூட்டில் ஆவியான மெழுகுப் பொருள் கீழே குளிர்ந்த மண்ணில் போய்ப் படிந்துவிடும். இன்னொன்று, ஈரமான மண்ணில் இந்தச் சோதனை பொய் சொல்லும். காய்ந்த மண்ணில்தான் செய்ய வேண்டும்.

விலக்கம் எங்கிருந்து வருகிறது? இலை, வேர், மரப்பட்டை ஆகியவை மட்கும்போதும், பூஞ்சை இழைகள் மண்ணில் பரவும்போதும் மெழுகு போன்ற பொருட்கள் வெளிவருகின்றன. அவை மண் துகள்மேல் மெல்லிய பூச்சாகப் படிகின்றன. தாமரை இலைமேல் தண்ணீர் ஒட்டாமல் உருள்வதற்கும் மெழுகுதான் காரணம். மணலில் இந்தத் தொல்லை அதிகம். மணல் துகள் பெரிது என்பதால், அதே எடைக் களிமண்ணோடு ஒப்பிட்டால் அதன் மொத்தப் பரப்பு மிகக் குறைவு. கொஞ்சம் மெழுகே எல்லாத் துகளையும் பூசிவிடும். மட்கு போடுங்கள், மட்கு போடுங்கள் என்று எல்லோரும் சொல்கிறோம். இந்தக் கோளாறுக்கு மூலமும் அதே கரிமப் பொருள்தான் என்பது வேடிக்கை. ஈரமாக இருக்கும்வரை அது நல்லது செய்கிறது. எலும்பெனக் காயவிட்டால் எதிர்த்து நிற்கிறது.

தொட்டியில் ஊற்றியதும் அடியில் ஓடிவிடுகிறது

அதிகம் பேர் மாட்டிக்கொள்வது இதில்தான். ஏமாற்றுவதும் இதுதான், ஏனென்றால் வடிதுளையில் தண்ணீர் வந்தால் தொட்டி நிறைய நனைந்துவிட்டது என்று நினைக்கப் பழகியிருக்கிறோம். உண்மையில் ஊற்றிய சில நொடிகளில் அடியில் தண்ணீர் வந்தால் சந்தேகப்பட வேண்டும்.

தொட்டியைத் தூக்கிப் பாருங்கள். ஊற்றிய பிறகும் பஞ்சு மாதிரி லேசாக இருந்தால் உள்ளே எதுவும் தங்கவில்லை. விளிம்பைச் சுற்றிப் பாருங்கள். தொட்டியில் நிரப்பிய மண்கலவை சுருங்கி, தொட்டிச் சுவருக்கும் மண்ணுக்கும் நடுவில் விரல் நுழையும் இடைவெளி இருக்கும். தண்ணீருக்கு அது ராஜபாட்டை. வேர் இருக்கும் நடுப்பகுதியைத் தொடாமலேயே சுவரோரமாக இறங்கிவிடும்.

இதற்கு மேலிருந்து ஊற்றிப் பயனில்லை, கீழிருந்து ஊறவைக்க வேண்டும். அகலமான வாளியிலோ தொட்டியிலோ வெதுவெதுப்பான தண்ணீர் நிரப்பி, செடித்தொட்டியின் பாதி முதல் முக்கால் உயரம் வரை மூழ்கும்படி வையுங்கள். குளிர்ந்த தண்ணீரைவிட வெதுவெதுப்பான தண்ணீருக்குப் பரப்பு இழுவிசையும் (துளியாக இறுகி நிற்கும் தன்மை) பாகுத்தன்மையும் குறைவு, அதனால் நுண்துளைகளுக்குள் சற்று எளிதாக நுழையும். கையை வைத்தால் இதமாக இருக்கும் சூடு போதும். அதற்குமேல் போனால் வேர் வெந்துவிடும். காய்ந்த தொட்டி மிதக்கும், கவலைப்பட வேண்டாம், மேலே விளிம்பில் ஒரு கல்லை வைத்து நிறுத்துங்கள். கொஞ்ச நேரம் குமிழி வந்துகொண்டே இருக்கும். கலவைக்குள் அடைந்திருந்த காற்று வெளியேறுகிறது என்று பொருள். குமிழி நின்று, மேற்பரப்பு கருத்து ஈரமானதும் எடுத்துவிடலாம். சின்னத் தொட்டிக்கு அரை மணி முதல் ஒரு மணி நேரம், பெரியதற்குச் சில மணி நேரம் ஆகும். இரவு முழுக்க மூழ்கவிட்டால் வேருக்குக் காற்று கிடைக்காது. எடுத்தபின் நன்றாக வடியவிட்டு மறுபடி தூக்கிப் பாருங்கள். அந்தக் கனத்தைக் கை ஞாபகம் வைத்துக்கொள்ளும். அடுத்த முறை எப்போது ஊற்றுவது என்று அதுவே சொல்லும்.

நனைந்ததும் கலவை கொஞ்சம் விரியும், ஆனால் ஓரத்து இடைவெளி முழுதாக மூடாது. ஈரமான புதுக் கலவையை ஒரு குச்சியால் அந்த இடைவெளியில் திணித்துவிடுங்கள். இதைச் செய்யாமல் விட்டால் அடுத்த தடவையும் தண்ணீர் அதே வழியில்தான் போகும்.

தூக்கவே முடியாத பெரிய தொட்டி என்றால்? பென்சில் தடிமன் குச்சியால் வேரைக் குத்தாதபடி அங்கங்கே ஆழமாகத் துளையிடுங்கள். ஒரு குவளை ஊற்றிப் பத்து நிமிடம் காத்திருங்கள், மறுபடி ஒரு குவளை. நாலைந்து சுற்றுக்குப் பிறகு உறிஞ்சும் வேகம் கூடுவது கண்ணுக்கே தெரியும், ஏனென்றால் ஈரமான துகள் பக்கத்துத் துகளுக்கு ஈரத்தைக் கடத்த ஆரம்பித்துவிடும். பொறுமை இல்லாதவர்கள் மூடியில் ஊசித் துளை போட்ட பாட்டிலில் தண்ணீர் நிரப்பி, மண்ணில் தலைகீழாகக் குத்திவைக்கலாம். தொட்டிக்கு அடியில் தட்டு இருந்தால், வடிந்த தண்ணீரை உடனே கொட்டாமல் அரை மணி நேரம் விடுங்கள். கலவை அதிலிருந்து இழுத்துக்கொள்ளும். மீதியைக் கொட்டிவிடுங்கள்.

கலவையில் என்ன இருக்கிறது என்பதும் முக்கியம். பீட் மாஸ் (சதுப்பு நிலப் பாசி பாதி மட்கியது) ஒருமுறை முழுக்கக் காய்ந்துவிட்டால் மறுபடி நனைக்கப் போராட வேண்டும். மரப்பட்டைத் துண்டுகளும் அப்படித்தான். தேங்காய் நாரிலிருந்து வரும் கோகோபீட் இந்த விஷயத்தில் எவ்வளவோ தேவலாம். அடிக்கடி தண்ணீர் ஊற்ற மறப்பவர் என்றால், அடுத்த முறை கலவை செய்யும்போது பீட் மாஸைக் குறைத்து கோகோபீட்டைக் கூட்டுங்கள். ஈரத்தைப் பிடித்துவைக்கும் கனிமத் துகளான வெர்மிகுலைட்டைக் கொஞ்சம் சேர்ப்பதும் நல்லது. வெள்ளையாக லேசாக இருக்கும் பெர்லைட் துகள் வேறு வேலைக்கு. அது வடிகாலைக் கூட்டும், ஈரத்தைக் கூட்டாது. தண்ணீரை விழுங்கி வீங்கும் ஜெல் உருண்டைகளும் இங்கே உதவாது. தண்ணீர் அவற்றிடம் போய்ச் சேர்ந்தால்தானே அவை பிடித்துவைக்கும்?

ஊறவைத்தும் இரண்டே நாளில் பழைய கதை திரும்பினால், செடியைத் தொட்டியிலிருந்து உருவிப் பாருங்கள். வேர்கள் சுவரோரம் சுற்றிச் சுற்றிப் பின்னி, கலவையே கண்ணில் படவில்லை என்றால் அது மண்ணின் குற்றமில்லை. அங்கே ஈரத்தைப் பிடித்துவைக்க மண்ணே மிச்சமில்லை. ஓர வேர்களைத் தளர்த்தி, ஒரு அளவு பெரிய தொட்டிக்கு மாற்றுங்கள்.

தொட்டியின் மேலேயே குளமாக நிற்கிறது

மூன்று காரணம் இருக்கலாம். மேலே ஏடு கட்டியிருந்தால் முள்கரண்டியால் ஒரு செ.மீ. ஆழத்துக்குக் கிளறிவிட்டால் சரியாகிவிடும். கிளறியும் நின்றால் அடித்துளையைக் குச்சியால் குத்திப் பாருங்கள். வேரோ மண்ணோ அடைத்திருக்கும். துளையும் திறந்திருக்கிறது, கலவை மட்டும் சேறாக இருக்கிறது என்றால் அது மட்கி நைந்துபோன பழைய கலவை. மாற்றுவதைத் தவிர வழியில்லை.

புதிதாகப் பிரித்த பையில் கலவை தூசியாகப் பறக்கிறது

அப்படியே தொட்டியில் நிரப்பிச் செடி நட்டுவிட்டு மேலிருந்து ஊற்றினால், மேலே சொன்ன தொல்லையை முதல் நாளே விலைக்கு வாங்கியதாகிவிடும். அகலமான பாத்திரத்தில் கொட்டி, வெதுவெதுப்பான தண்ணீரைக் கொஞ்சம் கொஞ்சமாக விட்டு, கையால் பிசறி, ஒரு மணி நேரம் மூடிவைத்து, மறுபடி பிசறுங்கள். ஒரு பிடி எடுத்து அழுத்தினால் இரண்டு மூன்று சொட்டு வர வேண்டும். ஒழுகினால் அதிகம், சொட்டே வராவிட்டால் குறைவு. விதைத் தட்டுக்கு இது கட்டாயம். விதை போட்டபின் மேலிருந்து ஊற்றினால் விதை மிதந்து மூலைக்குப் போய்விடும்.

பாத்தி மேலே கருப்பாக நனைந்திருக்கிறது, உள்ளே புழுதி

ஊற்றி அரை மணி நேரம் கழித்துக் கையளவு ஆழத்துக்குத் தோண்டிப் பாருங்கள். மேலே இரண்டு செ.மீ. ஈரம், கீழே காய்ந்த மண். அல்லது ஒரு பக்கம் ஈரம் கோடு போட்டு ஆழமாக இறங்கியிருக்க, அதற்கு அடுத்த கை அகலத்தில் தூசி. நீரை விலக்கும் மண்ணில் தண்ணீர் பரவி இறங்காது. எங்கே சின்ன வழி கிடைக்கிறதோ அதில் மட்டும் விரல் விரலாக இறங்கும். சொட்டுநீர்க் குழாய் போட்ட பாத்தியில் இது மறைந்தே இருக்கும். சொட்டுவானுக்குக் கீழே ஈரமாக இருக்கும், நாமும் திருப்தியாகப் போய்விடுவோம், வேரில் பாதி காய்ந்துகொண்டிருக்கும்.

ஹோஸை முழுவேகத்தில் திறந்து அடிப்பது இங்கே தண்ணீரை வீணாக்கும் வேலை. பூவாளியாலோ மெல்லிய தூறல் முனையாலோ, மேற்பரப்பு பளபளக்கும் வரை மட்டும் தெளித்து நிறுத்துங்கள். கால் மணி நேரம் கழித்து மறுபடி. இப்படி மூன்று நான்கு சுற்று, இரண்டு மூன்று நாள் தொடர்ந்து. நடுவில் வெயில் காய்ச்சாமல் இருக்க ஈரச் சாக்கால் மூடிவைத்தால் வேலை பாதியாகும். செடி இல்லாத பாத்தி என்றால் இன்னும் சுலபம்: தெளித்துக் கொத்திக் கிளறி, மறுபடி தெளித்துக் கிளறினால் காய்ந்த துகளும் ஈரத் துகளும் கலந்து விலக்கம் உடையும்.

இதற்கும் மசியாவிட்டால் ஈரமூட்டித் திரவம். தண்ணீரின் பரப்பு இழுவிசையைக் குறைத்து, மெழுகுப் பூச்சின்மேல் அதைப் படரவைப்பதுதான் இதன் வேலை. தோட்டத்துக்கென்றே செய்யப்பட்டதை வாங்கி, லேபிளில் உள்ள அளவில் கலந்து, முதலில் லேசாக நனைத்த மண்ணில் ஊற்றி, பிறகு நிறையத் தண்ணீர் விடுங்கள். யூக்கா போன்ற செடிகளின் சாற்றில் உள்ள, சோப்பு போல நுரைக்கும் சப்போனினும் இதே வேலையைச் செய்யும். பாத்திரம் கழுவும் சோப்புத் திரவத்தை ஊற்றச் சொல்லும் குறிப்புகள் ஏராளம் சுற்றுகின்றன. எனக்கு அதில் உடன்பாடில்லை. எண்ணெய்ப்பிசுக்கை எடுக்கச் செய்த பொருள் அது. அதில் உப்பும் வாசனையும் நிறமும் இருக்கும். கொஞ்சம் கூடினாலும் மென்மையான வேரைப் பதம் பார்த்துவிடும். ஒருமுறை ஊறவைத்தாலே தீரக்கூடிய தொட்டிக்கு அந்த ஆபத்து எதற்கு?

திரவம் நிரந்தரத் தீர்வும் இல்லை. மண்ணில் உள்ள நுண்ணுயிர்கள் அதைத் தின்று தீர்த்துவிடும், மெழுகு மறுபடி வரும். மணல்மண்ணுக்கு நிலைத்த மருந்து களிமண். தெற்கு, மேற்கு ஆஸ்திரேலியாவில் நீரை ஏற்காத மணல் வயல்களில் களிமண்ணைப் பரப்பி உழுதே இந்தக் கோளாறைச் சமாளிக்கிறார்கள். தோட்டப் பாத்தியில் பெண்டோனைட் களிமண் தூளையோ நல்ல களிமண்ணையோ மேல் 10 செ.மீ. மண்ணோடு நன்றாகக் கலந்தால் போதும். கலப்பதுதான் முக்கியம், மேலே தூவிவிட்டால் ஏடு கட்டும். கூடவே நன்றாக மட்கிய, ஈரமான மட்கு. பாதி மட்கிய மரத்தூளை மணலில் போட்டால் நிலைமை மோசமாகும்.

ஒரு எச்சரிக்கை: மண் காய்ந்து செடி வாடியிருக்கும்போது உரம் போட வேண்டாம். உப்புச் செறிவு ஏறி வேர் கருகும். முதலில் ஈரம், உரம் அப்புறம்.

களிமண் பாத்தியில் தேங்கி நிற்கிறது, அல்லது வழிந்து ஓடுகிறது

சொட்டுச் சோதனையில் தேறிய மண்ணிலும் இது வரும். இங்கே மெழுகு இல்லை, துளைகள்தான் அடைபட்டிருக்கின்றன. தவிர, களிமண்ணின் இயல்பான வேகமே குறைவு. மணல் மணிக்கு 30 மி.மீ.க்கு மேல் தண்ணீரை உள்வாங்கும். களிமண் 1 முதல் 5 மி.மீ. மட்டுமே. ஆகவே பத்து நிமிடத்தில் ஒரு வாளியைக் கவிழ்த்துவிட்டு மண்ணைக் குறை சொல்வது நியாயமில்லை.

மேலே தகடு மாதிரி ஏடு இருக்கிறதா? மழைத்துளியும் ஹோஸ் வேகமும் மண்கட்டிகளை உடைக்க, நுண்துகள்கள் துளைகளை அடைத்துக் காய்ந்த ஏடு அது. கொத்தி உடைத்து, மூடாக்குப் போட்டால் மறுபடி வராது. ஏடு இல்லாமல் மொத்தமும் இறுகியிருக்கிறதா என்று நீளமான திருப்புளியைக் குத்திப் பாருங்கள். ஈரமண்ணிலும் இறங்க மறுத்தால் மிதிபட்டு இறுகிய மண். நீளப் பற்கள் உள்ள தோட்ட முள்கருவியைக் குத்தி, லேசாக அசைத்து, புரட்டாமல் எடுத்து, அந்தத் துளைகளில் மட்கை நிரப்புங்கள். களிமண் சேறாக இருக்கும்போது இதைச் செய்தால் பிசைந்து விட்டதுபோல் ஆகிவிடும். உருட்டினால் உதிர்ந்துவிடும் பதம்தான் சரி.

ஜிப்சம் (கால்சியம் சல்பேட் தூள்) போடலாமா என்று கேட்பீர்கள். கேட்பதற்கு முன் ஒரு கண்ணாடி டம்ளரில் காய்ச்சி வடித்த நீரோ மழைத்தண்ணீரோ எடுத்து, காய்ந்த மண்கட்டி ஒன்றை மெதுவாக விட்டு, ஆட்டாமல் சில மணி நேரம் விடுங்கள். கட்டியைச் சுற்றிப் பால்போலக் கலங்கினால் மண்ணில் சோடியம் அதிகமாக இருக்க வாய்ப்பு உண்டு, ஜிப்சம் உதவும். கட்டி பொடிப்பொடியாக உதிர்ந்து, தண்ணீர் தெளிவாகவே இருந்தால் ஜிப்சத்தால் பெரிய பயன் இல்லை, மட்குதான் தேவை. கரையவும் இல்லை, உதிரவும் இல்லை என்றால் மண் நல்ல மண்.

சரிவான இடத்தில் தண்ணீருக்கு நிற்க நேரமே கிடைப்பதில்லை. செடிக்குக் கீழ்ப்பக்கம் அரைவட்டமாக ஒரு வரப்புக் கட்டி, ஐந்து நிமிடம் தண்ணீர் விட்டு, இருபது நிமிடம் நிறுத்தி, மறுபடி விடுங்கள்.

மழை பெய்தும் மூடாக்குக்கு அடியில் மண் காய்ந்திருக்கிறது

மூடாக்கு அதிகத் தடிமனாக இருக்கும், அல்லது நைந்து பாய் மாதிரி ஒட்டியிருக்கும். சிறு தூறலை அதுவே குடித்து ஆவியாக்கிவிடும். சில சமயம் வெள்ளைப் பூஞ்சை இழை பரவி அதுவே தண்ணீரை விலக்கும். கையால் கலைத்து உடைத்து, 5 முதல் 7 செ.மீ. தடிமன் இருந்தால் போதும் என்று குறைத்துவிடுங்கள். காய்ந்த மண்மேல் மூடாக்கு போட்டால் வறட்சியைத்தான் பாதுகாக்கும். நனைத்துவிட்டுப் போட வேண்டும். புல்தரையில் வட்ட வட்டமாகக் காய்வதும் பல நேரம் இந்தப் பூஞ்சையின் வேலைதான். அங்கே தோட்ட முள்கருவியால் துளையிட்டு ஈரமூட்டி ஊற்றுவது பலன் தரும்.

புதிதாக நட்ட செடி வாடுகிறது, சுற்றி மண் ஈரம்

நாற்றங்காலிலிருந்து வந்த வேர்க்கட்டு பெரும்பாலும் பீட் அல்லது நார்க்கலவை. சுற்றியுள்ளது தோட்ட மண். நுண்துளை நிறைந்த மண்ணிலிருந்து பெருந்துளைக் கலவைக்குத் தண்ணீர் எளிதில் தாவாது. வெளியே சேறாக இருக்க, வேர்க்கட்டு மட்டும் காய்ந்துபோகும். தண்டுக்குப் பக்கத்தில் விரலைவிட்டுப் பார்த்தால் தெரிந்துவிடும். வேர் வெளிமண்ணுக்குப் பரவும் வரை, முதல் சில வாரங்கள் தண்டின் தூரிலேயே மெதுவாக ஊற்றுங்கள். இன்னும் நடாத செடி என்றால், நடுவதற்கு முன் வேர்க்கட்டை வாளியில் அமிழ்த்திக் குமிழி நிற்கும் வரை ஊறவையுங்கள்.

மண் நன்றாக நனைந்திருக்கிறது, செடி இன்னும் வாடுகிறது

இங்கே தண்ணீரை நிறுத்துங்கள். தோண்டி ஒரு வேரை எடுத்துப் பாருங்கள். பழுப்பாகி, தோல் உரிந்து, நாற்றம் அடித்தால் வேரழுகல். அழுகியதை வெட்டி, காற்றோட்டமான புதுக் கலவையில் வையுங்கள். வேர் வெளுப்பாக உறுதியாக இருந்து, தொட்டி விளிம்பில் வெள்ளை உப்புப் படிவு தெரிந்தால் உப்பு ஏறியிருக்கிறது. தொட்டியின் கொள்ளளவைப்போல் இரண்டு மூன்று மடங்கு நல்ல தண்ணீரை மெதுவாக ஊற்றி வடியவிட்டு, தட்டில் சேர்ந்ததை உடனே கொட்டிவிடுங்கள். இரண்டும் இல்லை, நண்பகலில் மட்டும் வாடி மாலையில் தானாக நிமிர்ந்துவிடுகிறது என்றால் வெயிலின் வேகத்துக்கு வேர் ஈடுகொடுக்க முடியவில்லை, அவ்வளவுதான், நிழலுக்கு நகர்த்திவையுங்கள்.